கப்பல் தலைவனுக்குக் கொப்பி பிடித்தவன்: பள்ளிமுனையில் மூன்றரை நாள்

முதலிலேயே வலக்கையை நெஞ்சில் வைத்து உறுதி தந்துவிடுகிறேன்: இனி வரப்போகும் கதையை உங்களில் ஒருவரும் நம்பப்போவதில்லை. என் மனைவி நம்பவில்லை. வவுனியா பஸ் நிலையத்தில் கச்சான் கடலை விற்கிறவர், எதைச் சொன்னாலும் "அப்பிடியோ" என்று தலையாட்டும் பொறுமைசாலி, அவரே பாதியில் எழும்பிப் போய்விட்டார். ஆகவே இதை வரலாற்றிடம் ஒப்படைக்கிறேன். வரலாற்றுக்கு வேறு வேலை இல்லாதபோது வாசிக்கட்டும்.

பயணத்துக்குக் காரணம் என் பெறாமகள் ஷாமினி. கிளாஸ்கோவில் இருக்கிறாள்; அங்கே ஒரு சின்ன நாடகப் பத்திரிகையில் பழைய நடிகர்களைப் பற்றி எழுதுகிறாள். போன தை மாதக் கடைசியில் வட்ஸ்அப்பில் ஒரு செய்தி வந்தது.

"சித்தப்பா, டூகல் மக்கிராட்டன் எண்டு ஒரு நடிகர். நாற்பத்தைந்து வருசம் மேடையிலும் படங்களிலும் நடிச்சவர். ஆறு வருசத்துக்கு முந்தி ஒரு நாள் திடீரெண்டு எல்லாத்தையும் விட்டிட்டார். இப்ப குளிர்காலத்துக்கு மன்னார் பள்ளிமுனைக்கு வாறவராம். ஒருக்காப் போய் இந்த எட்டுக் கேள்வியையும் கேட்டு அனுப்புங்கோ. எட்டாவதுதான் முக்கியம்."

முதல் கேள்வி எங்கே பிறந்தார், இரண்டாவது தகப்பன் என்ன தொழில், மூன்றாவது முதல் மேடை என்று ஒழுங்காகப் போய், எட்டாவது: ஏன் மேடையை விட்டார்? முப்பத்தொரு வருடம் தபால் கந்தோரில் இருந்து, உறையைத் திறக்காமலே கடிதத்தின் உள்ளடக்கத்தைச் சொல்லும் வல்லமை பெற்றவன் நான். எட்டுக் கேள்வி எனக்கு எம்மாத்திரம்? அரை நாளில் முடித்து, மீதி நாளில் நண்டுக் கறி சாப்பிட்டுத் திரும்புவதாகத் திட்டம்.

மாசி மாதம், ஒரு வெள்ளிக்கிழமை. வவுனியாவில் காலை 7.15 பஸ். மன்னார் வரை ஏறத்தாழ எண்பது கிலோமீற்றர். எனக்கு இரண்டு மணித்தியாலம் பத்து நிமிடம் எடுத்தது. ஓட்டுநருக்குப் பின்னால் இரண்டாவது வரிசையில், வலது பக்கம் இருங்கள், வெயில் குறைவு. உயிலங்குளம் தாண்டும்போது அறுவடை முடிந்த நெல்லைத் தெருவோரம் பாதி அகலத்துக்குக் காயப்போட்டிருந்தார்கள். பஸ் அதை மிதிக்காமல் ஒற்றைக்காலில் நடந்துபோனது. (இதை நான் கண்ணால் கண்டேன். சரி, பாதி நித்திரையில் கண்டேன்.) பிறகு கடலுக்கு நடுவே தெரு. இரண்டு பக்கமும் தண்ணீர், பூநாரைகள், காற்று. என் தொப்பி அங்கேயே குடியேறிவிட்டது.

பஸ் நிலையத்தில் நஸீரின் ஓட்டோவைப் பிடித்தேன். முப்பது வயது, எருக்கலம்பிட்டிக்காரர். பள்ளிமுனைக்கு இரண்டு கிலோமீற்றருக்குச் சற்றுக் கூட, 250 ரூபா. எங்கே போகிறேன் என்று சொன்னதும் திரும்பிப் பார்த்தார்.

"டூகல் ஐயாட்டயோ? ஏறுங்கோ, ஏறுங்கோ. அவரை ரெண்டு தரம் தூக்கில போட்டதெல்லோ."

"என்ன தம்பி சொல்லுறீர்?"

"ஓம் ஐயா. ஒருக்கா ஆடு களவெடுத்ததுக்கு. மற்றது ராசாவைக் காட்டிக்குடுத்ததுக்கு. ரெண்டையும் நானே பார்த்தனான்."

"எங்க நிண்டு பார்த்தனீர்?"

"பிலோமினாக்கா வீட்ட, ரீவியில. அவற்ற படம் நாப்பத்திரண்டு பென் டிரைவில கிடக்கு. ஊரில எல்லாரும் எல்லாத்தையும் பார்த்திட்டம். ஒண்டில பாதிரி, ஒண்டில கொலைகாரன். அந்தக் கொலைகாரன்ர முகத்தைப் பார்த்தா பாவமாக் கிடக்கும் ஐயா. கொல்லுப்பட்டவன்தான் சரியில்லாதவன்."

என் குழப்பத்தின் தொடக்கம் இதுதான். முடிவு எங்கே என்று இன்றுவரை தெரியாது.

பிலோமினாதான் டூகல் தங்கும் வீட்டுக்காரி. ஐம்பது வயதிருக்கும். கணவருக்கு இரண்டு படகு. பிலோமினாவின் தங்கைக்குக் கிளாஸ்கோவில் ஒரு பராமரிப்பு இல்லத்தில் வேலை. டூகலின் மனைவியைக் கடைசிக் காலத்தில் பராமரித்தவர் அவர்தான். மனைவி போனபின் மனிதர் தனியே இருந்து மெலிந்துபோகிறார் என்று குளிருக்கு இங்கே அனுப்பத் தொடங்கினார். இது நான்காவது வருடம். சாப்பாட்டோடு அறை நாளொன்றுக்கு மூவாயிரம். எனக்கும் அதே விலைதான். கதை சொன்னதற்குக் கழிவு கிடைக்கவில்லை.

நான் கதிரையில் இருந்து முடியுமுன்னமே பிலோமினா இரண்டாவது கேள்விக்குப் பதில் தந்துவிட்டார்.

"தகப்பன் வெளிச்சவீட்டில வேலை அண்ணை. புயலுக்க அகப்பட்டுச் செத்தவர். தம்பியொருத்தன், அவனும் கடலோட போயிட்டான். போன கார்த்திகையில இறந்த ஆத்துமாக்களின்ர பூசைக்கு நான்தான் அவன்ர பேரைக் குடுத்தனான். பங்குச் சாமி பேரை வாசிக்க டூகல் ஐயா கண்ணைத் துடைச்சவர்."

உடனே ஷாமினிக்கு அனுப்பினேன். மூன்று நிமிடத்தில் பதில்: "சித்தப்பா, அவருக்குத் தம்பியே இல்லை. அது படம்."

ஆக, பிறக்காத ஒருவனுடைய ஆத்துமத்துக்குப் பள்ளிமுனை முழுவதும் முழந்தாளில் நின்று மன்றாடியிருக்கிறது. பிலோமினாவிடம் சொன்னேன். அவர் கொஞ்சமும் அசரவில்லை. "கிடக்கட்டும் அண்ணை. பேரில்லாத ஆத்துமா எத்தினையோ நிக்கும். ஆருக்கும் உதவியிருக்கும்."

பின்வளவில் இருந்து டூகல் வந்தார். உயரம் பதினொரு அடி. (அளவு நாடா கொண்டுபோகவில்லை, என் கழுத்து வலியை வைத்துக் கணித்தது.) எழுபத்தெட்டு வயது, இடுப்பில் சாரம், வெள்ளை மீசை. குரலைப் பற்றி ஒன்று மட்டும் சொல்கிறேன்: அவர் "குட் மோர்னிங்" என்றதும் மன்னார்ப் பாலத்தடியில் படுத்திருந்த கழுதைகள் எழும்பி நின்றன. அவருடைய ஆங்கிலத்தில் பாதி காற்று, பாதி கரடுமுரடு. நான் பிடித்த அளவுக்குத் தமிழில் தருகிறேன்.

"உங்கள் தகப்பனார் என்ன தொழில் செய்தார்?" என்று கேட்டேன்.

"எந்தத் தகப்பன்?" என்றார். "எனக்கு முப்பது பேருக்கு மேல் இருந்திருக்கிறார்கள்."

"சொந்தத் தகப்பன்."

விரல் விட்டு எண்ணிப் பார்த்தார். "இறைச்சிக்கடை வைத்திருந்தார்" என்றார். மத்தியானம் சாப்பிடும்போது அதே மனிதர் போதகராகிவிட்டார். பின்னேரத் தேநீருக்கு டூகல் அநாதை. நான் கொப்பியில் எழுதுவதும் வெட்டுவதுமாக இருந்தேன். பகிடி விடுகிறாரோ என்று முகத்தைப் பார்த்தால், அவரும் என்னைப் போலவே குழம்பித்தான் இருந்தார்.

பிலோமினா என்னை அடுப்படிப் பக்கம் கூப்பிட்டார். "அண்ணை, வருசம், பேர் எண்டு கேட்டு அவரைப் போட்டுக் குடையாதேங்கோ. தலைக்குள்ள நடிச்சதும் நடந்ததும் கலந்துபோச்சு. ஆனா ஞாயிற்றுக்கிழமை கோவில் திருநாள் கூத்தில அவர் ஏறுறார். கப்பல் தலைவன். நாலே நாலு வரிப் பாட்டு. மூண்டு மாசமாப் பாடமாக்கிறார். ஆறு வருசமா மேடை ஏறாத மனுசன். இதிலயும் தவறினா இனி ஏறமாட்டன் எண்டு தங்கச்சிக்குச் சொன்னவராம். அந்தப் பாட்டை முடிச்சிட்டாரெண்டாச் சரி. தகப்பன் ஆரா இருந்தா என்ன?"

சனிக்கிழமை. டூகலும் நானும் நஸீரின் ஓட்டோவில் தலைமன்னார். ஒரு வழி முப்பது கிலோமீற்றர், காத்திருப்பும் சேர்த்துப் போய்வர 5,000. காலை ஆறரைக்கே வெளிக்கிடுங்கள்; பத்து மணிக்குப் பிறகு அந்த வெயிலில் நிழலே நிழல் தேடும். தெரு நேர்கோடு. இரு பக்கமும் பனை. பழைய இறங்குதுறை துருப்பிடித்துக் கடலுக்குள் கொஞ்சத் தூரம் போய், மனம் மாறினதுபோல நின்றுவிடுகிறது. பக்கத்தில் வெளிச்சவீடு. அதைக் கண்டதும் டூகல் "அப்பா" என்றார். நான் கொப்பியைத் திறந்தேன். பிறகு மூடினேன்.

அவர் மணலில் நின்று, கடலைப் பார்த்துத் தன் நாலு வரியையும் பாடினார். புயலில் அகப்பட்டு, அணியம் என்கிற முன்பகுதி முறிந்த கப்பலின் தலைவன் மாதாவுக்கு நேர்த்தி வைக்கும் பாட்டு:

"அலைமேலே அலையேறி வருதே - தாயே
அணியமும் முறிந்தோடிப் போச்சே
கரைசேர்த்து எமைக்காத்தால் உனக்கே
கோவில் மணியொன்று தருவேனே."

உச்சரிப்புக்கு நூற்றுக்கு முப்பது புள்ளி. மற்ற எல்லாவற்றுக்கும் நூற்றுக்கு இருநூறு. ஆறு தரம் பாடினார், ஒரு சொல் பிசகவில்லை. நஸீர் ஓட்டோவுக்குள் இருந்தபடி, "ஐயா, உண்மையிலயே மணி குடுக்கப் போறார் போல" என்றார்.

இரவுச் சாப்பாட்டுக்கு அண்ணாவியார் ஜெராட் வந்தார். கூத்தைப் பழக்கி நடத்துகிறவர் அவர்தான். நாற்பது வயது, பகலில் படகு எஞ்சின் திருத்துகிறவர், நகத்தில் கிறீஸ், வாயில் தாளம். அவருக்கு ஒரு சிக்கல்: வழமையாகக் கொப்பி பார்க்கிறவர் மகளின் பிரசவத்துக்குக் கொழும்புக்குப் போய்விட்டார்.

தெரியாதவர்களுக்கு: இங்கத்தைய கூத்தில் பாட்டுக் கொப்பியை வைத்திருப்பவர் திரைக்குப் பின்னால் ஒளிந்திருந்து முணுமுணுப்பதில்லை. மேடையோரம், எல்லார் கண்ணிலும் படும்படி நின்று, அடுத்த வரியைச் சத்தமாகவே எடுத்துக் கொடுப்பார். நடிகர் அதைப் பாடுவார். பிற்பாட்டுக்காரர் நாலு பேர் அதைப் பிடித்துத் திரும்பப் பாடுவார்கள். நடிகர் வாயில் இருந்து எது வந்தாலும் பிடித்துத் திருப்பிப் பாடுவதுதான் அவர்களுடைய தொழில். யார் மறந்தார், யார் மறக்கவில்லை என்று ஒருவரும் கணக்கெடுப்பதில்லை.

இந்த இடத்தில் நான் வாயைத் திறந்தேன். நண்டுக் கறி காரணமாக இருக்கலாம். "நான் இளந்தாரியா இருக்கேக்க ராசா வேசத்தில தொடர்ந்து பதினேழு இரவு நிண்டவன். கொப்பியே இல்லாமல்" என்றேன்.

"அப்ப பிரச்சினை முடிஞ்சுது" என்றார் ஜெராட். "நாளைக்குக் கொப்பி ஐயான்ர கையில."

மறுத்திருக்கலாம். ஆனால் பதினேழு இரவு ராசாவாக நின்றவன் மறுக்கமுடியுமா?

ஞாயிறு காலை திருநாள் பூசை. பின்னேரம் நாலரைக்குக் கூத்து. இப்போதெல்லாம் விடியவிடிய இல்லை, இரண்டு மணித்தியாலத்துக்குச் சுருக்கிவிடுகிறார்கள். திங்கள் விடியப் படகு போகவேண்டுமே. கோவில் வளவில் சனம்: நான் எண்ணியபடி நாற்பதாயிரம், பிலோமினா எண்ணியபடி நானூறு. மத்தளம் முழங்கத் தொடங்கியதும் கொப்பியை விரித்துக்கொண்டு மேடையோரம் போய் நின்றேன்.

ராசா வந்தார், மந்திரி வந்தார். பிழை இல்லை. பிறகு நீலத் துணியை இரண்டு பெடியள் அசைக்க, அதற்கு நடுவே டூகல். தலையில் ஜிகினாத் தாள் ஒட்டிய தொப்பி, கையில் மரத்துடுப்பு. அவர் கூத்துக் களரியில் கால் வைத்ததும் வளவு அடங்கிவிட்டது. ஒன்றும் செய்யவில்லை, நின்றார், அவ்வளவுதான். எனக்குக் கடல் தெரிந்தது. இதைக் கூட்டிச் சொல்லவில்லை.

அப்போதுதான் அந்தக் காற்று வந்தது. தனுஷ்கோடியில் புறப்பட்டு, கடலைத் தாண்டி, நாற்பதாயிரம் பேரையும் விட்டுவிட்டு என் கையில் இருந்த கொப்பியில் மட்டும் மோதியது. தாள்கள் பறந்தன. நான் அவற்றோடு போராடி மீண்டு, முழுத் தொண்டையில் வரியை எடுத்துக் கொடுத்தேன்.

டூகல் என்னைப் பார்த்தார். வாய் திறந்தபடி இருந்தது. ஒன்றும் வரவில்லை.

மத்தளம் ஒரு சுற்றுச் சுற்றியது. இன்னொரு சுற்று. துடுப்பு அவர் கையில் மெல்லச் சரிவது எனக்கு மூன்றடித் தூரத்தில் தெரிந்தது. பிலோமினா முன்வரிசையில் எழும்பி நின்றுவிட்டார். நான் திரும்பவும் கொப்பியைப் பார்த்தேன். எழுத்தெல்லாம் எறும்பாக ஓடியது. மனிதர் திரும்பி இறங்கும் வழியைப் பார்த்தார். சத்தியமாகப் பார்த்தார்.

பிறகு, எங்கே இருந்து வந்ததோ, அவர் வாயில் இருந்து வேறொன்று வந்தது. அவருடைய ஊர்ப் பேச்சில், நாற்பது வருடத்துக்கு முந்தி எந்த மேடையில் எந்த மனிதனாக நின்று சொன்னதோ, இரண்டு வரி. ஆங்கிலம்கூட முழுதாக இல்லை. எனக்கு ஒரு சொல்லும் விளங்கவில்லை.

பிற்பாட்டுக்காரருக்கும் விளங்கவில்லை. ஆனால் அவர்களுடைய தொழில் விளங்குவது இல்லையே. நாலு பேரும், ஒரு கணம் தயங்காமல், அந்த இரண்டு வரியையும் அப்படியே பிடித்து, புயல் பாட்டின் மெட்டில் ஏற்றித் திருப்பிப் பாடினார்கள். மத்தளம் அதற்குக் கீழே போய்ப் பிடித்தது. ஸ்கொட்லாந்து பள்ளிமுனைக் கோவில் வளவில் ஒரு சுற்று ஆடியது. எனக்குப் பின்னால் ஒரு மனிசி, "பாவம், தன்ர பாசையில மன்றாடுது" என்று சிலுவை போட்டார். கூத்தில் கப்பல் தலைவன் பிறநாட்டான்தானே. புயலில் வேறு எந்தப் பாசையில் மன்றாடுவான்?

டூகல் தான் சொன்னது தனக்கே பாட்டாகத் திரும்பி வருவதைக் கேட்டார். துடுப்பை நிமிர்த்திப் பிடித்தார். பிற்பாட்டு இரண்டாம் சுற்றுக்குப் போக, ஜெராட் கையில் தாளத்தோடு களரிக்குள் நடந்துவந்து, அவர் தோளோடு தோள் நின்று, "அலைமேலே அலையேறி வருதே" என்று எடுத்தார். டூகல் பிடித்தார். பிறகு முன்வரிசை எடுத்தது. பிறகு, இந்தப் பாட்டைச் சின்னவயதில் இருந்து கேட்டுவந்த வளவு முழுவதும் எடுத்தது. மணி தருவேனே என்று அவர் முடிக்கும்போது அவர் குரல் ஒன்றுதான் கேட்டது. மற்றவர்கள் அந்த வரியை அவருக்கு விட்டுவிட்டார்கள்.

திங்கள் காலை ஆறு மணி. வாசலில் தேநீர். டூகல் என்னிடம் எட்டாவது கேள்வியை வாசிக்கச் சொன்னார். வாசித்தேன்.

"எடின்பரோவில் ஒரு நாள், நடுமேடையில், அடுத்த வரி போய்விட்டது" என்றார். "எண்ணூறு பேர். ஒருவரும் இருமக்கூட இல்லை. அவ்வளவு மரியாதை. அந்த மரியாதைக்குள் நின்று நான் செத்துப்போனேன். அதற்குப் பிறகு ஏறவில்லை. நேற்று நீங்கள் வரியை எடுத்துக் கொடுத்தபோது, அதுவே எனக்கு யாருடையதோ மாதிரி இருந்தது. தலை முழுதும் காலியாகிவிட்டது என்று நினைத்தேன். ஆனால் நான் மறந்தேன், இவர்கள் எல்லாரும் சேர்ந்து கத்தினார்கள். மறந்தாலும் பரவாயில்லை என்று எழுபத்தெட்டு வயதில் தெரிந்துகொண்டேன். அடுத்த வருடம் பத்து வரி கேட்டிருக்கிறேன். இதை உங்கள் பெறாமகளுக்கு எழுதுங்கள். தகப்பனைப் பற்றி நீங்கள் விரும்பியதை எழுதிக்கொள்ளுங்கள்."

அப்படியே எழுதி அனுப்பினேன். தகப்பனுக்கு நேரே "பலர்" என்று போட்டேன். வழியனுப்ப வந்த ஜெராட் என் பையை ஓட்டோவில் ஏற்றிவிட்டு, மிகவும் மரியாதையாக, "ஐயா அந்தப் பதினேழு இரவும் ராசாவா நிண்டது எந்த ஊரில?" என்று கேட்டார். நஸீர் ஓட்டோவை எடுத்துவிட்டதால் பதில் சொல்ல வசதிப்படவில்லை.

போகிறவர்களுக்குச் சில குறிப்புகள். தையும் மாசியும் நல்ல காலம். பறவையும் இருக்கும், வெயிலும் பொறுக்கும். தொப்பிக்குக் கயிறு கட்டுங்கள். வவுனியாவுக்குத் திரும்ப விடிய ஏழுக்கும் எட்டுக்கும் பஸ் இருந்தது, ஆனால் முதல் நாளே கேட்டு வையுங்கள். கோவில் வளவுக்குள் படம் எடுக்குமுன் கேளுங்கள். பள்ளிமுனையில் பருத்து நிற்கும் பெருக்க (பாவோபாப்) மரத்தைக் கட்டிப்பிடிக்க முயலவேண்டாம். இருபது பேர் வேண்டும். கூத்துப் பார்க்கப் போனால் முன்வரிசையில் பாயில் இருங்கள், கதிரை கேட்காதீர்கள். யாராவது கொப்பியைக் கையில் தந்தால், கைத்தொலைபேசியைப் பைக்குள் வையுங்கள். இது கட்டாயம்.

ஏனென்றால், பதினேழு இரவு, பதினொரு அடி, நாற்பதாயிரம் பேர், எழும்பி நின்ற கழுதைகள், இவற்றை நீங்கள் நம்பவேண்டாம். நானும் நம்பவில்லை. ஆனால் ஒரு சின்னப் பகுதி உண்மை, அதைச் சொல்லாமல் முடிக்க மனம் வரவில்லை. அன்றைக்குக் காற்று அடிக்கவே இல்லை. துடுப்போடு அவர் நின்ற நிலை அவ்வளவு வடிவாக இருந்தது. இந்தக் கட்டுரைக்குப் போட ஒரு கையால் படம் எடுத்துக்கொண்டே மற்றக் கையால் தாளைப் புரட்டினேன். இரண்டு தாள் சேர்ந்து புரண்டுவிட்டது. புயலில் நின்ற மனிதருக்கு நான் எடுத்துக் கொடுத்தது, அடுத்த காட்சியில் ராசா பல்லக்கு ஏறும் வரி. டூகல் ஒன்றையும் மறக்கவில்லை. கேட்ட ஊர் அவரிடம் சொல்லவில்லை; அவருக்கு அது இன்னும் தெரியாது. சொல்வதா விடுவதா என்று எனக்கும் தெரியவில்லை.